முந்நூறு மீட்டர் ஃபிலிம்: பேலா தார் வழியில் ஹங்கேரியில் ஐந்து நாள்

முதல் நாள் – புடாபெஸ்ட்

ஹங்கேரியில் குடும்பப் பெயர்தான் முதலில் வரும். திரைப்பட இயக்குநர் பேலா தாரின் பெயர் தியேட்டர் அட்டவணையிலும் புத்தகக் கடையிலும் ‘தார் பேலா’ என்று தேடினால்தான் கண்ணில் படும். ‘பேலா தார்’ என்று கேட்டால் எதிரில் இருப்பவர் ஒரு நொடி யோசித்துவிட்டுத்தான் தலையாட்டுவார்.

தார் 1955 ஜூலை 21 அன்று தெற்கே பெச் நகரில் பிறந்தார். வளர்ந்தது முழுக்கப் புடாபெஸ்ட். அப்பா மேடை அரங்கமைப்பாளர், அம்மா நாடகத்தில் திரைக்குப் பின்னிருந்து வசனம் எடுத்துக் கொடுப்பவர். பதினாறு வயதில் 8 எம்.எம். கேமராவில், வெளிநாட்டுக்கு வேலைக்குப் போக அனுமதி கேட்டுக் கம்யூனிஸ்ட் கட்சித் தலைவர் காதாருக்குக் கடிதம் எழுதிய ஜிப்சித் தொழிலாளர்களைப் படமெடுத்தார். அதனால் பல்கலைக்கழகக் கதவு அடைபட்டது. கப்பல் பட்டறையில் கூலி வேலை, பிறகு ஒரு பண்பாட்டு மன்றத்தில் காவலாளி வேலை என்று சில வருடங்கள் போயின. தத்துவம் படிக்க நினைத்தவர் சினிமாவுக்கு வந்தது இப்படித்தான்.

அவருடைய முதல் படங்களின் ஊரைப் பார்க்க வேண்டுமென்றால் சுற்றுலாப் புத்தகங்கள் காட்டும் கோட்டைப் பக்கம் போவதில் பயனில்லை. பாத்யானி சதுக்கத்தில் எச்-5 புறநகர் ரயில் ஏறி சென்ட்லேலெக் சதுக்கத்தில் இறங்கி, ஓபுடாவின் ஃபலூஹாஸ் வரை நடக்க வேண்டும். ‘ஊர் வீடு’ என்று அதற்குப் பெயர். ஒரே கட்டடம், 315 மீட்டர் நீளம், பத்து மாடி, 886 குடியிருப்புகள். தொழிற்சாலையில் வார்த்த கான்கிரீட் பலகைகளை லாரியில் கொண்டுவந்து கிரேனால் பொருத்திய வீடுகள் இவை. பானெல் வீடு என்பார்கள். புதுச் சாயம் பூசியிருப்பதால் தூரத்தில் பளிச்சென்று தெரியும். கிட்டே போய் ஜன்னல்களுக்கு இடையில் உள்ள தூரத்தைப் பார்த்தால்தான் ஓர் அறை எவ்வளவு சிறியது என்று தெரியும்.

இந்தச் சின்ன அறைதான் அவருடைய முதல் பாடம். 22 வயதில் பாலாஷ் பேலா ஸ்டுடியோ கொடுத்த சொற்பப் பணத்தில் ‘ஃபேமிலி நெஸ்ட்’ எடுத்தார். ஆறே நாள் படப்பிடிப்பு, தொழில்முறை நடிகர்கள் இல்லை. வீடு கிடைக்காமல் கணவனின் பெற்றோர் வீட்டில் நெருக்கியடித்துக்கொண்டு வாழும் ஒரு தம்பதியின் கதை. கேமரா தோளில் இருக்கிறது, முகத்துக்கு ஒரு முழம் தள்ளி நிற்கிறது. பின்வாங்க இடமில்லாத அறையில் க்ளோசப் தவிர வேறு ஷாட் வைக்க முடியாது. 1982இல் வந்த ‘பிரிஃபேப் பீப்பிள்’ இந்தப் பானெல் வீடுகளின் தாம்பத்தியத்தையே கையில் எடுத்தது.

பின்னாளில் ‘நீண்ட ஷாட் இயக்குநர்’, அதாவது வெட்டாமல் நிமிடக்கணக்கில் கேமராவை ஓடவிடுபவர், என்று பெயர் வாங்கியவர் தொடங்கிய இடம் இது. அதே 1982இல், திரைப்படக் கல்லூரி மாணவராக, தொலைக்காட்சிக்காக ‘மேக்பெத்’ எடுத்தார். மொத்தம் 62 நிமிடம், இரண்டே ஷாட். பெயர் வருவதற்கு முன் 5 நிமிடம், பெயருக்குப் பின் 57 நிமிடம். வீடியோவில் எடுத்ததால்தான் அது முடிந்தது. ஃபிலிம் ரீலில் 57 நிமிடத்தை அடைக்க வழியே இல்லை. இந்த ஒரு விஷயத்தை மனதில் வைத்துக்கொண்டால் அடுத்த நாலு நாளும் புரியும்.

போக்குவரத்துக் குறிப்பு ஒன்று. காகித டிக்கெட் வாங்கினால் மெட்ரோ எஸ்கலேட்டருக்கு முன்பே இயந்திரத்தில் முத்திரை குத்த வேண்டும். கையில் டிக்கெட் இருந்தும் குத்தாமல் இறங்கினால் அபராதம்தான். 72 மணி நேரச் சீட்டு வாங்கினால் இந்தத் தொல்லை இல்லை. ஆனால் எச்-5இல் நகர எல்லைக்கு வெளியே, சென்டென்ட்ரே வரை போவதாக இருந்தால் எல்லைக்குப் பிந்தைய தூரத்துக்குத் தனி டிக்கெட் வேண்டும்.

இரண்டாம் நாள் – ட்யூலா

கெலெட்டி நிலையத்திலிருந்து பேகேஷ்சபா வரை இன்டர்சிட்டி, அங்கே மாறி ருமேனிய எல்லையோரத்தில் இருக்கும் ட்யூலா. இன்டர்சிட்டிக்குப் பயணச் சீட்டோடு இருக்கை முன்பதிவும் எடுக்க வேண்டும். ஊர்ப் பெயரைக் ‘கியூலா’ என்று எழுத்துப்படி சொன்னால் யாருக்கும் விளங்காது.

1954இல் இங்கே பிறந்தவர் லாஸ்லோ க்ராஸ்னஹோர்கை, 2025இல் இலக்கியத்துக்கான நோபல் பெற்றவர். அவருடைய முதல் நாவல் ‘சாத்தான்டாங்கோ’ 1985இல் வந்தது. தாரும் அவரும் சந்தித்ததும் அந்தக் காலத்தில்தான். ஹங்கேரிய மொழியிலும் சாத்தான் ஏறக்குறைய சாத்தான்தான். அதனால் தலைப்பை நாம் மொழிபெயர்க்க வேண்டியதே இல்லை.

ஊர் அழகாக இருக்கிறது. செங்கல் கோட்டை, வெந்நீர்க் குளம், 1840இல் தொடங்கிய இனிப்புக் கடை. நாவலின் சேறும் சிதிலமும் ஊருக்குள் இல்லை, வெளியே வயல் வழியில்தான். பேகேஷ்சபாவிலிருந்து வரும் ரயில் ஜன்னலிலேயே அது தெரியும். கூட்டுப்பண்ணைக் காலத்து நீளமான கொட்டகைகள், ஒற்றை மரம், தந்திக் கம்பம், பிறகு ஒன்றுமில்லை. எதிர்த் திசை ஜன்னலுக்குப் போனாலும் அதே காட்சிதான்.

நாவலை உடனே படமாக்க வழி கிடைக்கவில்லை. தார் மற்றவர்களோடு சேர்ந்து தொடங்கிய தார்ஷுலாஷ் ஸ்டுடியோவை அரசு 1985இல் மூடிவிட்டது. இருவரும் சேர்ந்து எழுதிய ‘டேம்னேஷன்’ 1988இல் முதலில் வந்தது. ஜன்னல் வழியே தெரியும் நிலக்கரி வாளிகள் கம்பி வடத்தில் போய்க்கொண்டே இருக்க, கேமரா மெதுவாகப் பின்வாங்கி, பார்த்துக்கொண்டிருக்கும் ஆளின் தலைக்குப் பின்னால் வந்து நிற்கும். தோளிலிருந்து கேமராவை இறக்கித் தண்டவாளத்தில் வைத்தால் என்ன ஆகும் என்பதை அந்த ஒரே ஷாட்டில் கற்றுக்கொள்ளலாம். கூட்டணி உறுதியானதும் இந்தப் படத்தில்தான். எழுத்து க்ராஸ்னஹோர்கை, இசை மிஹாய் வீக், ஒளிப்பதிவு காபோர் மெட்விகி, படத்தொகுப்பு தாரின் மனைவி ஆக்னெஷ் ஹ்ரனிட்ஸ்கி.

மூன்றாம் நாள் – ஹோர்டோபாஜ் சமவெளி

ட்யூலாவிலிருந்து குறுக்கே போக நல்ல பாதை இல்லை. சோல்னோக் வழியாக டெப்ரெட்சென் போய் இரவு தங்கிவிட்டு, காலையில் ஃப்யூஸெஷ்அபோன் செல்லும் உள்ளூர் ரயிலில் ஹோர்டோபாஜில் இறங்குவதே சுலபம். புடாபெஸ்டிலிருந்து நேராக வருபவர்கள் ஃப்யூஸெஷ்அபோனில் மாறலாம். உள்ளூர் ரயில்கள் அடிக்கடி கிடையாது. திரும்பும் நேரத்தை இறங்கியவுடனே குறித்துக்கொள்ள வேண்டும். டிசம்பரில் வந்தால் மாலை நாலு மணிக்கு முன்பே சூரியன் மறைந்துவிடும், பகல் எட்டரை மணி நேரம்தான்.

1833இல் கட்டி முடித்த ஒன்பது வளைவுக் கல் பாலம், பக்கத்தில் பழைய சத்திரம் என்று பேருந்தில் வருபவர்கள் பார்த்துவிட்டுப் போய்விடுவார்கள். சினிமாவுக்காக வருபவர்கள் பார்க்க வேண்டியது மண்ணைத்தான். இது சோடியம் ஏறிய களிமண். ‘சிக்’ என்கிறார்கள். உலர்ந்தால் பாளம் பாளமாக வெடித்து மேலே வெள்ளையாக உப்புப் பூக்கும். மழை பெய்தால் தண்ணீர் உள்ளே இறங்காது. சோடியம் களித்துகள்களைப் பிரித்துவிடுவதால் மண்ணின் நுண்துளைகள் அடைபட்டு, மேல் இரண்டு விரல் கனம் மட்டும் பசையாகக் குழைந்து நிற்கும். காலை வைத்தால் பூட்ஸோடு ஒட்டிக்கொண்டு வரும், பத்தடி நடப்பதற்குள் காலே கனத்துவிடும். முழங்கால் வரை வரும் ரப்பர் பூட்ஸ் வேண்டும். சாதாரண ஷூவில் பாதை விட்டு இறங்குவது வீண் முயற்சி. தேசியப் பூங்காவின் உள்பகுதிக்கு அனுமதி வாங்கித்தான் போக முடியும்.

‘சாத்தான்டாங்கோ’ இந்தப் பெருஞ்சமவெளியின் படம். 439 நிமிடம், அதாவது 7 மணி 19 நிமிடம். சுமார் 150 ஷாட். படப்பிடிப்பு ஏறக்குறைய 120 நாள், இரண்டு வருடங்களில் பரவிக் கிடந்தது. 1994இல் வெளிவந்தது. படத்தில் மழை ஓயாது, பாத்திரங்கள் சேற்றில் நடந்துகொண்டே இருப்பார்கள். ‘ஏன் இவ்வளவு நேரம் நடக்கிறார்கள்’ என்று முதல் தடவை பார்ப்பவர்கள் கேட்பதுண்டு. இந்த மண்ணில் ஒரு கிலோமீட்டர் நடந்தால் கேள்வி தானாகப் போய்விடும்.

இப்போது ரீல் கணக்கு. 35 எம்.எம். ஃபிலிம் நொடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில் நிமிடத்துக்கு 27.4 மீட்டர் ஓடும். கேமராவில் மாட்டும் ஃபிலிம் பெட்டியான மேகசினில் அடங்குவது 300 மீட்டர். ஆக ஒரு ஷாட்டின் உச்ச வரம்பு 11 நிமிடத்துக்குக் கொஞ்சம் குறைவு. மாட்டும்போது வெளிச்சம் பட்டு வீணாகும் முனை, வேகம் பிடிக்க ஓடும் பகுதி, கிளாப் பலகை எல்லாம் போக, பத்தரை நிமிடம் கையில் நிற்கும். வீடியோவில் 57 நிமிடம் எடுத்துப் பார்த்தவர் திரும்பி வந்து இந்த வேலிக்குள் நின்றார் என்பதுதான் அவருடைய தொழில் வாழ்க்கையின் நடுமையம் என்று நான் நினைக்கிறேன். வேலி இருப்பதால்தான் ஒவ்வொரு அசைவுக்கும் கணக்கு வந்தது.

‘சாத்தான்டாங்கோ’வின் முதல் ஷாட்டையே எடுத்துக்கொள்ளலாம். ஏழு நிமிடத்துக்கு மேல் நீளும். சேற்று முற்றத்தில் கொட்டகையிலிருந்து மாடுகள் வெளியே வருகின்றன, மெதுவாக நகர்கின்றன, கேமராவும் இடப்பக்கமாக நகர்கிறது. நடுவில் வீட்டுச் சுவர் வந்து மாடுகளை மறைத்துவிடும். ஈரம் ஊறிய காரை, மூடிய ஜன்னல் என்று சுவர் மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். சுவர் முடிகிற இடத்தில் மாடுகள் மறுபடி தென்பட வேண்டும். இந்தச் சந்திப்புதான் ஷாட்டின் உயிர். மாட்டுக்கு ‘ஆக்‌ஷன்’ சொல்ல முடியாது. ஒன்று நின்றுவிட்டாலோ வேறு பக்கம் திரும்பினாலோ 200 மீட்டர் ஃபிலிம் குப்பைக்கு.

சேற்றில் டிராலி, அதாவது கேமராவை ஏற்றித் தண்டவாளத்தில் தள்ளும் வண்டி, ஓட்டுவது தனி வித்தை. தண்டவாளத்தை நேரடியாக மண்மேல் வைத்தால் கேமரா, இயக்குபவர், தள்ளுபவர் என்று எடை ஏறியதும் ஒரு பக்கம் அமிழும். ஃபிரேமின் அடிவானம் சாய்ந்துவிடும். எனவே முதலில் அகலப் பலகை, அதன்மேல் ஆப்புக்கட்டை, அதன்மேல் தண்டவாளம். இரண்டு மீட்டருக்கு ஒரு தடவை மட்டம் பார்க்க வேண்டும். இணைப்பில் ஒரு மில்லிமீட்டர் ஏற்ற இறக்கம் இருந்தாலும் திரையில் ஒரு குலுக்கல் தெரியும். நீண்ட ஷாட்டில் அந்தக் குலுக்கலை வெட்டி எடுக்கவும் வழியில்லை. டிராலியில் பெரும்பாலும் எட்டாம் நிமிடத்தில்தான் தவறு நேரும். தள்ளுபவர் களைத்து வேகம் மாறுவது, ஃபோகஸ் பார்ப்பவர் ஒரு குறியைத் தவறவிடுவது என்று எல்லாம் கடைசியில்தான் வரும்.

மழைக்கும் ஒரு விதி உண்டு. கருப்பு வெள்ளையில் முன்பக்க வெளிச்சத்தில் மழை தெரியவே தெரியாது. பின்னாலிருந்து விளக்கு அடித்தால்தான் நூல் நூலாகத் தெரியும். இயற்கை மழைத்துளி மிகச் சன்னம், கேமராவுக்குப் போதாது. ஆகவே குழாய் வைத்துப் பெய்விக்கும் மழையையே நம்ப வேண்டும். காற்று திரும்பினால் அது நடிகரின் முகத்துக்குப் பதில் லென்ஸில் விழும்.

இன்னொரு வசதியையும் சொல்ல வேண்டும். தார் படங்களில் குரலும் சத்தமும் பெரும்பாலும் பிறகு சேர்க்கப்பட்டவை. வீக் இசையைப் படப்பிடிப்புக்கு முன்பே அமைத்துவிடுவார், அதை அங்கேயே ஒலிக்கவிட்டுக் காட்சி எடுப்பார்கள். மதுக்கடையில் எல்லோரும் குடித்துவிட்டு ஆடும் காட்சியில் நடிகரின் அடியும் கேமராவின் நகர்வும் ஒரே தாளத்தில் இருப்பதற்குக் காரணம் இதுதான். ஊரை ஏமாற்றும் இரிமியாஷாக நடித்திருப்பதும் அதே வீக்தான்.

இந்த இடங்களுக்கு முதலில் பயணக் கட்டுரை எழுதியவரும் தாரே. 1995இல் ‘ஜர்னி ஆன் தி பிளெய்ன்’ என்ற 35 நிமிடப் படம் எடுத்தார். வீக் அந்தச் சமவெளி இடங்களில் நின்று, நடந்து, கவிஞர் பெட்டோஃபியின் கவிதைகளைச் சொல்கிறார், அவ்வளவுதான். வருவதற்கு முன் இதைப் பார்த்துவிட்டு வருவது நல்லது.

சைவம் சாப்பிடுபவர்களுக்கு: இந்த ஊர்ப் பெயர் தாங்கிய பலச்சின்டா தோசையில் இறைச்சிதான் உள்ளே இருக்கும். துரோஷ் சூசா என்ற பாலாடைக்கட்டி நூடுல்ஸ் கேட்கலாம். ஆனால் அதன்மேலும் பன்றிக் கொழுப்புத் துண்டு தூவுவார்கள். ‘ஸலோன்னா நேல்குல்’ (கொழுப்புத் துண்டு இல்லாமல்) என்று முதலிலேயே சொல்லிவிட வேண்டும்.

நான்காம் நாள் – பாயா

புடாபெஸ்ட் நேப்லிகெட் பேருந்து நிலையத்திலிருந்து தெற்கே ஏறக்குறைய மூன்று மணி நேரம். ரயிலும் உண்டு, ஆனால் மாறிச் செல்ல வேண்டும். டான்யூபின் கிளையான ஷுகோவிட்சா கரையில் திரித்துவச் சதுக்கம். மூன்று பக்கம் பழைய கட்டடங்கள், நாலாவது பக்கம் ஆறு. ‘வெர்க்மெய்ஸ்டர் ஹார்மனீஸ்’ படத்துக்காகத் தார் வந்தது இந்த ஊருக்குத்தான்.

படம் 2000இல் வந்தது. மூலம் க்ராஸ்னஹோர்கையின் 1989ஆம் வருட நாவல். உறைபனிக் குளிரில் ஒரு சிறு நகரத்துக்குத் தகரம் அடித்த பெரிய லாரியில் ஒரு செத்த திமிங்கிலம் காட்சிக்கு வருகிறது. சதுக்கத்தில் ஆண்கள் கும்பல் கும்பலாக நிற்கிறார்கள், எதற்கென்று அவர்களுக்கே தெரியாது. 145 நிமிடப் படத்தில் மொத்தம் 39 ஷாட். சராசரி எடுத்தால் ஒரு ஷாட் மூன்றே முக்கால் நிமிடம். ‘சாத்தான்டாங்கோ’வில் அது மூன்று நிமிடத்துக்கும் கீழே. நீளம் குறைந்த படம்தான், ஆனால் கத்திரி இன்னும் குறைவாக விழுந்திருக்கிறது. பல வருடம் இழுத்த படப்பிடிப்பில் ஒளிப்பதிவாளர்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள். இருந்தும் தையல் தெரியவில்லை. ஹ்ரனிட்ஸ்கிக்கு இணை இயக்குநர் என்ற பெயர் கிடைத்தது இந்தப் படத்தில்தான்.

முதல் ஷாட் கிட்டத்தட்ட ஒரு மேகசினையே தின்றுவிடும். மூடும் நேரத்து மதுக்கடை. அடுப்பின் நெருப்பை அணைக்கிறார்கள். தபால்காரன் வாலுஷ்கா ஒரு குடிகாரரைச் சூரியனாக நிறுத்தி விரல்களை அசைக்கச் சொல்கிறான். இன்னொருவர் பூமி, மூன்றாமவர் நிலா. நிலா பூமியைச் சுற்ற, பூமி சூரியனைச் சுற்ற, ஓரிடத்தில் எல்லோரையும் நிறுத்திக் கிரகணம் வந்துவிட்டது என்கிறான். இசை அங்கேதான் நுழைகிறது. ஆட்கள் வட்டமாக நகரும்போது கேமராவும் அவர்களுக்குள் புகுந்து வட்டமிடுகிறது. அறையின் நாலு சுவரும் தெரிந்துவிடுவதால் விளக்குக் கம்பத்துக்கோ மைக்குக்கோ நிற்க இடமில்லை. கூரையில் தொங்கும் விளக்கு போன்ற, காட்சிக்கே சொந்தமான வெளிச்சத்தைத்தான் நம்ப வேண்டும். இந்த ஷாட்டைப் பார்ப்பவர்கள் ஒரு தடவை கதைக்காகவும், மறு தடவை தரையில் நிழல்கள் எங்கே விழுகின்றன என்பதற்காகவும் பார்க்க வேண்டும். கேமராவின் நிழல் ஓரிடத்திலும் விழவில்லை.

சதுக்கத்துக்கு எப்போது வரக் கூடாது என்பதும் முக்கியம். ஜூலை இரண்டாம் சனிக்கிழமை இங்கே மீன் சூப் திருவிழா. 1996 முதல் நடக்கிறது. இரண்டாயிரத்துக்கும் மேல் கொப்பரைகள் ஒரே நேரத்தில் கொதிக்கும். அது பார்க்க வேண்டிய காட்சிதான், ஆனால் அன்று திமிங்கிலத்தின் சதுக்கம் கிடைக்காது. நவம்பர் முதல் பிப்ரவரிக்குள், இருட்டும் நேரத்தில் வந்தால் படத்தில் இருப்பது அப்படியே இருக்கும்.

சூப் எந்த நாளிலும் கிடைக்கும். கணக்கு எளிது: ஒரு கிலோ கெண்டை மீனுக்கு ஒரு லிட்டர் தண்ணீர், ஒரு வெங்காயம், கொதி வந்தபின் ஒரு மேசைக்கரண்டி பாப்ரிகாத் தூள். கரண்டி போட்டுக் கிளறக் கூடாது, மீன் உடைந்து குழம்பிவிடும். கொப்பரையைத் தொங்கும் கொக்கியிலேயே இடமும் வலமுமாகத் திருப்ப வேண்டும். கூடவே தீக்குச்சி நீளத்தில் நூடுல்ஸ் வரும். மற்ற ஊர்களில் பொதுவாக அது கிடையாது.

ஐந்தாம் நாள் – மறுபடி புடாபெஸ்ட்

‘வெர்க்மெய்ஸ்டர்’ முடிந்தபின் நடந்ததை வேகமாகச் சொல்லிவிடலாம். ‘தி மேன் ஃப்ரம் லண்டன்’ கார்சிகாத் தீவின் பாஸ்டியா துறைமுகத்தில் தொடங்கிய சமயத்தில், 2005 பிப்ரவரியில், தயாரிப்பாளர் உம்பேர் பல்சான் இறந்துபோனார். பணம் நின்றது, படப்பிடிப்பு நின்றது, துறைமுகத்தில் போட்ட அரங்கு அப்படியே நின்றது. படம் கான் விழாவுக்கு வந்தது 2007இல். ஆனால் அந்தப் படத்தின் ஒளிப்பதிவாளர் ஃப்ரெட் கெலெமனோடுதான் கடைசிப் படத்தையும் எடுத்தார்.

2011இன் ‘டூரின் ஹார்ஸ்’ 146 நிமிடம், 30 ஷாட். சராசரி கிட்டத்தட்ட ஐந்து நிமிடம். ஓர் அப்பா, ஒரு மகள், ஒரு குதிரை, அவர்களுடைய ஆறு நாள்தான் கதை. ஒற்றை மரம் நிற்கும் ஒரு பள்ளத்தாக்கைத் தேர்ந்தெடுத்து, அங்கே கல்லும் மரமும் கொண்டு நிஜமான வீடு, கிணறு, லாயம் கட்டினார்கள். ஒட்டுப் பலகை அரங்கு ஏன் ஆகாது என்பதற்குக் காரணம் உண்டு. கேமரா வீட்டுக்குள்ளிருந்து மகளோடு கதவைத் தாண்டி வெளியே கிணற்றுக்குப் போய், காற்றில் திரும்பி, மறுபடி உள்ளே வர வேண்டும். வெட்டு இல்லாததால் உள் அரங்கு வேறு, வெளி அரங்கு வேறு என்று பிரிக்க முடியாது. கதவின் அகலம் கேமராவை இயக்குபவருக்கும் பொருந்த வேண்டும், ஜன்னல் வழியே தெரியும் மரம் உண்மையிலேயே அங்கே இருக்க வேண்டும். காற்றை இயந்திரம் வைத்து வீசினார்கள்.

அந்தப் படத்தில் தினமும் உருளைக்கிழங்குதான் சாப்பாடு. ஒரே செயல் ஆறு நாளும் திரும்ப வருகிறது, கேமரா நிற்கும் இடம் மட்டும் மாறுகிறது. ஒரு நாள் அப்பா சூடு பொறுக்காமல் ஒற்றைக் கையால் தோலுரித்து வாயில் போட்டுக்கொள்வதைப் பார்க்கிறோம், இன்னொரு நாள் மகள் நிதானமாக உரித்து உப்புத் தொட்டுச் சாப்பிடுவதை. மகளாக நடித்த எரிகா போக், பதினேழு வருடங்களுக்கு முன் ‘சாத்தான்டாங்கோ’வில் பூனையோடு அலையும் சிறுமியாக வந்தவர். பெர்லினில் நடுவர் குழுவின் வெள்ளிக் கரடி கிடைத்தது. இதுவே கடைசிக் கதைப்படம் என்று தார் அறிவித்தார், சொன்னபடியே நின்றார். 2013இல் சராயேவோவில் ‘ஃபிலிம் ஃபேக்டரி’ என்ற பள்ளியைத் தொடங்கி இளையவர்களுக்குக் கற்றுக்கொடுத்தார்.

மாலைக்கு ஒரு யோசனை. புடாபெஸ்டில் இருக்கும் நாட்களில் டோல்டி, மூவேஸ், புஷ்கின் தியேட்டர்களின் அட்டவணையைப் பார்த்துக்கொள்ள வேண்டும். ஹங்கேரியப் படங்களுக்கு ஆங்கில சப்டைட்டில் உண்டா என்பதைத் தனியாகக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும், எல்லாக் காட்சிக்கும் இருக்காது. ‘சாத்தான்டாங்கோ’ ஒரிஜினல் நெகட்டிவிலிருந்து 4கே தரத்தில் மீட்கப்பட்டு 2019 முதல் தியேட்டர்களுக்குப் போகிறது. மீட்டது அமெரிக்காவின் ஆர்பெலோஸ் நிறுவனமும் ஹங்கேரிய லேபும் சேர்ந்து. திரையில் பார்க்க வாய்ப்புக் கிடைத்தால் டிவியில் பார்ப்பதைத் தள்ளிப்போடலாம். மழை நூல்களும் சுவர்க் காரையும் சின்னத் திரையில் சாம்பல் நிறமாகக் கலந்துவிடும்.

படத்தில் பன்னிரண்டு அத்தியாயம். டாங்கோ நடனம்போல ஆறு முன்னே, ஆறு பின்னே. இரண்டு இடைவேளை விட்டுத்தான் பெரும்பாலும் திரையிடுவார்கள். முதல் இடைவேளையில் வயிறு நிறையச் சாப்பிட்டால் நடுப்பகுதியில் தூக்கம் வரும், சிறுமியின் அத்தியாயம் அங்கேதான் இருக்கிறது. ஒரு வாழைப்பழம், தண்ணீர், தோளில் போட ஒரு கம்பளி போதும். பிற்பகல் இரண்டு மணிக்குத் தொடங்கிக் கால் மணி, ஒரு மணி என்று இரண்டு இடைவேளை விட்டால் முடிய இரவு பத்தரை தாண்டும். டோல்டியின் வாசலிலேயே மூன்றாம் மெட்ரோவின் அரன்ய் யானோஷ் நிறுத்தம். மெட்ரோ ரயில் இரவு முழுக்க ஓடாது. தவறிவிட்டால் நியூகாட்டி நிலையம் வரை நடந்து ஆறாம் எண் டிராமில் ஏறலாம், அது இரவு முழுக்க ஓடும்.